கேள்வித்தாள் ஏறிய மஞ்சள் பஸ்

இரண்டு மணிக்கு விசாரணை. மணி ஒன்பதரை ஆகிவிட்டது. கணக்கு டீச்சர் இன்னும் ஒரு பொய்யை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தார். அது என்ன பொய் என்றுதான் சில்லுவுக்குப் பிடிபடவில்லை.

சில்லு துப்பறியும் வேலைக்கு வந்து மூன்று வருஷம் ஆகிறது. அதற்கு முன் கூரியர் வண்டி ஓட்டியவள். கதவு திறக்கும் வேகத்தை வைத்தே வீட்டின் மனநிலையைச் சொல்லிவிடுவாள். இந்த வீட்டுக் கதவு மணி அடிப்பதற்கு முன்பே திறந்தது. பயந்துபோன வீடு என்று அப்போதே முடிவு கட்டினாள்.

அவளுடைய முதலாளி முப்பது வருஷம் அச்சகத்தில் பிழை திருத்தியவர். அதனால் எல்லோரும் அவரை 'புரூஃப்' என்றே கூப்பிட்டார்கள். சொந்தப் பெயர் அவருக்கே கையெழுத்துப் போடும்போதுதான் ஞாபகம் வரும். துப்பறிய வந்த பிறகு அந்தப் பட்டப்பெயருக்கு ஆதாரம் என்ற இன்னொரு அர்த்தமும் சேர்ந்துகொண்டதில் அவருக்கு உள்ளூர ஒரு பெருமை.

விஷயம் இதுதான். பள்ளி இறுதித் தேர்வின் கணக்குத்தாள், தேர்வுக்கு இரண்டு நாள் முன்பே மாணவர்களின் போன்களில் சுற்றியது. தேர்வு ரத்தானது. அந்தத் தாளைத் தயாரித்தவர் இந்த டீச்சர். பத்து நாளாக வேலையிலிருந்து நிறுத்தி வைத்திருக்கிறார்கள். இன்றைய விசாரணை முடிந்தால் போலீஸுக்குப் போகும்.

டீச்சர் நடந்ததை வகுப்பு எடுப்பதுபோல் வரிசையாகச் சொன்னார். அந்த ஞாயிற்றுக்கிழமை பகல் இரண்டு மணிக்கு வீட்டுக் கம்ப்யூட்டரில் தாளை அடிக்க உட்கார்ந்தார். தேர்வு வாரியத்தின் விதிப்படி முதலில் நெட் வயரைப் பிடுங்கி அலமாரிக்குள் வைத்தார். ஆறு மணிக்கு அடித்து முடித்து, எல்லாக் கணக்கையும் ஒருமுறை போட்டுப் பார்த்தார். பதினேழாவது கேள்வி இடித்தது. ஏழு மீட்டர் விட்டமுள்ள கிணறு பதினெட்டு மீட்டர் ஆழம் தோண்டப்படுகிறது. அந்த மண்ணை இருபத்திரண்டுக்குப் பதினாலு மேடையாகப் பரப்பினால் உயரம் என்ன? விடை இரண்டே கால் என்று வந்தது. பதற்றத்தில் பிள்ளைகள் அந்தக் காலில் தடுக்கி விழுவார்கள் என்று நினைத்து, பதினெட்டைப் பதினாறாக்கினார். விடை முழுசாக இரண்டு. திருத்த ஆனது இரண்டே நிமிஷம். உடனே வாரியம் கொடுத்த பென்டிரைவில் ஏற்றி, உறையில் போட்டு ஒட்டி, கம்ப்யூட்டரிலிருந்து அழித்துவிட்டார். மறுநாள் காலை நேரில் கொண்டுபோய்க் கொடுத்தார்.

வெளியே சுற்றிய தாளில் கிணற்றின் ஆழம் பதினெட்டு. வாரியத்திடம் இருந்த தாளில் பதினாறு. பதினெட்டு மீட்டர் கிணறு டீச்சர் வீட்டைத் தவிர உலகத்தில் வேறெங்கும் கிடையாது. அதிகாரிகள் அதைத்தான் பிடித்துக்கொண்டார்கள்.

"பிள்ளைங்களுக்காக ரெண்டு மீட்டர் மண்ணைப் போட்டு மூடினீங்க. அதுலயே உங்களையும் தள்ளிட்டாங்க" என்றாள் சில்லு.

டீச்சர் சிரிக்கவில்லை. அன்றைக்கு வீட்டில் வேறு யார் இருந்தார்கள் என்று புரூஃப் கேட்டார். யாருமில்லை என்றார் டீச்சர். மற்ற எல்லாவற்றுக்கும் யோசித்துப் பதில் சொன்னவர், இதற்கு மட்டும் கேள்வி முடிவதற்குள் பதில் சொல்லிவிட்டார்.

புரூஃப் கம்ப்யூட்டர் இருந்த அறையைப் பார்க்கவேண்டும் என்றார்.

சின்ன அறை. ஜன்னலோரம் ஒரு கனமான மரமேஜை. அவர் கம்ப்யூட்டரை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. குனிந்து மேஜை விளிம்பை விரலால் தடவினார். ஒரு சாண் இடைவெளியில் இரண்டு வட்டமான பள்ளங்கள். மேஜைக்கடியில் ஒரு ரப்பர் விரிப்பு நகராமல் ஒட்டப்பட்டிருந்தது. அதில் வலதுபக்கம் மட்டும், ஒரு குதிகால் வைக்கிற இடம் தேய்ந்து வெளுத்திருந்தது. அவர் நாற்காலியில் உட்கார்ந்து காலை நீட்டிப் பார்த்தார். பிறகு டீச்சரின் உயரத்தைப் பார்த்தார்.

"உங்க கால் இங்க எட்டாது டீச்சர். இந்த அறையில வண்டி ஓட்டுறது யாரு?"

டீச்சர் கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்துவிட்டார். பிறகு எழுந்து துணி அலமாரியைத் திறந்து, புடவைகளுக்குப் பின்னாலிருந்து ஒரு ஸ்டியரிங்கை எடுத்து வைத்தார். மேஜையில் திருகி மாட்டுகிற சாதனம்.

அவருடைய கணவர் இருபத்திரண்டு வருஷம் டவுன் பஸ் ஓட்டியவர். ஒரு சின்னக் கீறல் விபத்துகூட இல்லை. கண் நரம்பில் வந்த நோய் பக்கவாட்டுப் பார்வையைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றுவிட்டது. நேரே இருப்பது தெரியும், இடமும் வலமும் இருட்டு. இரண்டு வருஷத்துக்கு முன் லைசென்ஸைத் திரும்ப வாங்கிக்கொண்டார்கள். அதற்குப் பிறகு மனிதர் கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் வீட்டில் உட்கார்ந்திருந்தார். யாரோ பஸ் ஓட்டும் கேம் ஒன்றைப் பற்றிச் சொன்னார்கள். அதை ஏற்றி, ஸ்டியரிங்கை மாட்டிய நாளிலிருந்துதான் அவருக்குச் சோறு இறங்கியது. கேள்வித்தாள் அடிக்கும் கம்ப்யூட்டரை வேறெதற்கும் பயன்படுத்தக் கூடாது என்று வாரியத்தின் படிவத்தில் இருந்தது. டீச்சர் அதில் கையெழுத்துப் போட்டார். நேற்று ஸ்டியரிங்கைக் கழற்றி ஒளித்தார்.

"இது பாதிதான்" என்றார் புரூஃப். "கேம் விளையாடுறதை மறைக்கிறதுக்கு ஒருத்தர் இவ்வளவு நடுங்க மாட்டாங்க."

மீதியை டீச்சர் மெல்லச் சொன்னார். அந்த ஞாயிறு நாலு மணிக்குக் கணவருடைய பழைய கண்டக்டர் வந்திருந்தார். டீச்சர் சமையலறையில் டீ போட்ட நேரத்தில் ஆண்கள் இருவரும் இந்த அறையில்தான் பேசிக்கொண்டிருந்தார்கள். திரை திறந்தே இருந்தது. கண்டக்டரின் மகள் இந்த வருஷம் அதே தேர்வு எழுதுகிறாள்.

"அவர்கிட்ட கேட்டீங்களா?" என்றாள் சில்லு.

"கேட்டு, ஆமான்னு சொல்லிட்டா நான் என்ன பண்றது?"

சில்லுவுக்கு வாயில் தயாராக இருந்த கிண்டல் உள்ளேயே போய்விட்டது.

புரூஃப் ஜன்னல் வெளிச்சத்துக்குப் போய், வெளியான தாளின் அச்சுப் பிரதியை லென்ஸ் வைத்துப் பார்த்தார். எழுத்துகளை அவர் படிக்கவில்லை. அச்சகத்தில் பழகிய கை, ஓரங்களைத்தான் முதலில் பார்க்கும். இரண்டாம் பக்கத்தின் அடியில் லென்ஸ் நின்றது. அரிசி மணியில் பாதி அளவுக்கு ஒரு மஞ்சள் துணுக்கு.

"சில்லு, கம்ப்யூட்டரைப் போடு. நெட்டைப் பிடுங்கிட்டுப் போடு."

திரை வந்தது. அடியில் ஓடிய பட்டையில் வரிசையாகச் சின்னப் படங்கள். மூன்றாவது படம் ஒரு மஞ்சள் பஸ். அதன் கூரை மட்டும் பட்டைக்கு மேலே துளி எட்டிப் பார்த்தது. அச்சுப் பிரதியில் இருந்த துணுக்கு அந்தக் கூரைதான்.

"போன்ல படம் பிடிச்சிருந்தா ஒரு கோணல் இருக்கும், ஜன்னல் வெளிச்சம் விழுந்திருக்கும்" என்றார் புரூஃப். "இதுல ரெண்டும் இல்ல. வெட்டினவன் பட்டையை வெட்டினான், பஸ் கூரையை மறந்துட்டான். இது கம்ப்யூட்டர் தன்னைத்தானே எடுத்துக்கிட்ட படம்."

"செல்ஃபி" என்றாள் சில்லு.

நெட் வயர்தான் அலமாரிக்குள் இருந்ததே என்று டீச்சர் குழம்பினார். படம் எடுக்க நெட் வேண்டாம், அனுப்பத்தான் வேண்டும் என்று புரூஃப் விளக்கினார். உள்ளே ஒளிந்திருந்த ஏதோ ஒன்று சில நிமிஷத்துக்கு ஒரு தடவை திரையைப் படம் எடுத்துச் சேர்த்துக்கொண்டே இருந்திருக்கிறது. டீச்சர் திருத்திய இரண்டு நிமிஷம் இரண்டு படத்துக்கும் நடுவில் தப்பிவிட்டது. அதனால்தான் வெளியே போன கிணறு பதினெட்டு மீட்டர். சாயங்காலம் யார் வயரை மாட்டியது என்று கேட்டார். ஏழு மணிக்கு விளையாட உட்காரும்போது கணவர்தான் மாட்டுவார் என்றார் டீச்சர்.

அந்தப் படங்களை விலைக்கு விற்கிறவர்கள் இருக்கிறார்கள். ஆயிரம் வீட்டுத் திரைகளில் ஒரு வீட்டில் கேள்வித்தாள் இருந்தால் அவர்களுக்கு யோகம்.

கேம் இருந்த ஃபோல்டரைச் சில்லு திறந்தாள். உள்ளே ஒரு குறிப்பு, எந்தத் தளத்திலிருந்து இறக்கியது என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தது. அவள் தன் போனில் அந்தத் தளத்தைப் பார்த்தாள். பஸ் ரசிகர்கள் நடத்துகிற தளம். முதல் பாதி முழுக்க ஆசை ஆசையாகச் செய்த வேலை. யாரோ ஒருவர் டவுன் பஸ்ஸின் சீட் கிழிசலைக்கூட விடாமல் வரைந்திருந்தார். இன்னொருவர் நிஜ பஸ்ஸில் ஏறி ஹாரனையும் மணிச்சத்தத்தையும் பதிவு செய்து போட்டிருந்தார். எல்லாம் இலவசம், எல்லாம் அவர்களே செய்தது. அதற்குக் கீழே, அதே நிறத்தில், அதே மாதிரி பொத்தானோடு, முழு கேமும் இருந்தது. வேறு யாரோ உருவாக்கிக் கடையில் விற்கிற கேம், காசு கொடுக்காமலே ஓடும்படி பூட்டு உடைக்கப்பட்டு. நிறுவும் முறை என்று நாலு வரி. முதல் வரி, ஆன்டி வைரஸை அணைத்துவிடுங்கள், அது வீணாகக் கத்தும் என்றது.

இதே வரியைச் சில்லு போன மாதம் வேறொரு தளத்தில் படித்திருந்தாள். படித்தது மட்டுமல்ல, சொன்னபடி செய்தும் இருந்தாள், அக்கா வீட்டுக் கம்ப்யூட்டரில், மாமாவுக்குக் கார் ரேஸ் கேம் ஏற்றிக் கொடுக்க. அக்கா அந்தக் கம்ப்யூட்டரில்தான் ஒரு மருத்துவமனையின் நோயாளிகள் அறிக்கையெல்லாம் அடிக்கிறாள். சில்லு வராந்தாவுக்குப் போய் அக்காவுக்குப் போன் போட்டாள்.

"அக்கா, கம்ப்யூட்டர் வயரைப் பிடுங்கு. இல்ல, ஒண்ணும் கேட்காத, முதல்ல பிடுங்கு. நான் பண்ணின வேலைதான். வந்து சொல்றேன்."

திரும்பி வந்தபோது புரூஃப் கம்ப்யூட்டர் பெட்டியின் வயர்களைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

இனி கணவரைப் பார்க்கவேண்டும். எட்டு மணிக்கே கண் ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினார் என்றார் டீச்சர். போன் அடித்தால் தலையணைக்கடியில் அடித்தது. சில்லு அறையைச் சுற்றிக் கண்ணை ஓட்டினாள். ஆஸ்பத்திரி ஃபைல் ஆணியில் தொங்கியது, கண் சொட்டு மருந்தோடு. பக்கத்தில் ஒரு வெறும் ஹேங்கரும், சலவைக்கடை பிளாஸ்டிக் உறையும்.

"இந்த உறையில என்ன இருந்துச்சு டீச்சர்?"

"அவரோட யூனிஃபார்ம்."

"கண் காட்டப் போறவர் ஃபைலை விட்டுட்டு யூனிஃபார்மைப் போட்டுட்டுப் போறாரா?"

மேலதிகாரியைப் பார்க்கப் போகும்போது மட்டும்தான் அவர் அந்த உடையை எடுப்பார் என்றார் டீச்சர்.

தேர்வு வாரியத்துக்கு டாக்ஸி பிடித்தார்கள். புரூஃப் கம்ப்யூட்டர் பெட்டியைத் தூங்கும் குழந்தையைப்போல மடியில் வைத்துக்கொண்டார். சிக்னலில் நின்ற ஒரு டவுன் பஸ்ஸைப் பார்க்காமல் டீச்சர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

தேர்வு வாரியத்தின் மாடியில் விசாரணை அதிகாரியின் அறை. அதிகாரி ஐம்பது வயதுப் பெண்மணி. குரலை உயர்த்தாதவர், அதனாலேயே எல்லோரும் பயந்தார்கள். அவருக்கு எதிரே டீச்சரின் கணவரான அந்த பஸ் டிரைவர் நின்றுகொண்டிருந்தார். நாற்காலி இருந்தும் உட்காரவில்லை. இஸ்திரி கலையாத யூனிஃபார்ம். மேஜையில் அவர் எழுதிக் கையெழுத்திட்ட இரண்டு பக்கக் கடிதம்.

அதிகாரி அதைப் புரூஃப் பக்கம் தள்ளினார். கேள்வித்தாளை நான்தான் திருடினேன், பஸ் நிலையத்தில் முன்பின் தெரியாத ஒருவனிடம் கொடுத்தேன், என் மனைவிக்கு எதுவும் தெரியாது. கடிதத்தின் சாரம் இவ்வளவுதான்.

டீச்சர் பயந்தது எழுத்திலேயே வந்துவிட்டது.

புரூஃப் கடிதத்தை இரண்டு முறை படித்தார். ஒரே ஒரு கேள்வி கேட்க அனுமதி வாங்கினார்.

"எந்த நேரத்துல எடுத்தீங்க?"

"ராத்திரி. அவ தூங்கின பிறகு கம்ப்யூட்டர்ல இருந்து எடுத்தேன்."

"ராத்திரி அதுல தாளே இல்ல, அழிச்சாச்சு. இருந்திருந்தாலும் கிணறு பதினாறு மீட்டர்தான். பதினெட்டு மீட்டர் கிணறு சாயங்காலமே மூடியாச்சு." புரூஃப் கடிதத்தை மடித்து அதிகாரியிடமே கொடுத்தார். "மேடம், இவர் அந்தத் தாளை எடுக்கவே இல்ல. யாரையோ காப்பாத்துறார்."

யாரை என்று அதிகாரி மூன்றாவது முறை கேட்டபோது, டிரைவர் மனைவி நின்ற பக்கம் தலையை முழுசாகத் திருப்பினார். அப்படித் திருப்பினால்தான் அவருக்குத் தெரியும்.

"உன் அண்ணன் பொண்ணு தினம் போன் பண்ணி அழுதா. கணக்கு வரலை அத்தை, கணக்கு வரலைன்னு. நீ மனசு தாங்காம கொடுத்துட்டியோன்னு…"

"நான் உங்க கண்டக்டர் பொண்ணுக்கு நீங்க கொடுத்துட்டீங்கன்னு நினைச்சேன்."

பத்து நாள் ஒரே வீட்டில், ஒரே மேஜையில் சாப்பிட்டு, ஒருவரை ஒருவர் திருடராக நினைத்து, ஒருவருக்காக ஒருவர் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கிறார்கள். டிரைவரின் முகம் தளர்ந்தது. கிட்டத்தட்ட சிரித்தார். டீச்சர் அவர் கையைப் பிடித்தார். புரூஃப் இத்தோடு நிறுத்திவிட்டால் என்ன என்று சில்லுவுக்குத் தோன்றியது. அவர் நிறுத்தமாட்டார் என்றும் தெரியும்.

அப்படியானால் யார் என்றார் அதிகாரி.

புரூஃப் கம்ப்யூட்டர் பெட்டியை மேஜைமேல் வைத்தார். லென்ஸையும் அச்சுப் பிரதியையும் அதிகாரியின் கையில் கொடுத்து மஞ்சள் துணுக்கைக் காட்டினார். பிறகு எல்லாவற்றையும் ஒரு வரிகூடப் பூசி மெழுகாமல் சொன்னார். டிரைவர் முதலில் புரியாமல் கேட்டார். பாதியில் புரிந்துவிட்டது. மனைவியின் கையிலிருந்து தன் கையை எடுத்துக்கொண்டார்.

"ரசிகர்கள் செஞ்சு சும்மா கொடுக்கிறதுன்னுதான் எடுத்தேன்" என்றார்.

"பஸ்ஸை அவங்க செஞ்சாங்க, அதுல தப்பே இல்ல. கேமைச் செஞ்சவங்க வேற. பூட்டை உடைச்சவன் இன்னொருத்தன். அவன் சும்மா உடைக்கல, உள்ளே ஒண்ணை வச்சு மூடினான். எல்லாத்தையும் ஒரே பொட்டலமா கட்டி உங்க கையில கொடுத்துட்டாங்க." புரூஃப் கொஞ்சம் தயங்கினார். "கடையில விற்கிற கேம்னு உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?"

தெரியாது என்று சொல்லியிருக்கலாம். அந்த அறையில் யாரும் அவரை மறுத்திருக்க மாட்டார்கள்.

"தெரியும்" என்றார் டிரைவர். "பெரிய கம்பெனி, ஒருத்தன் வாங்கலேன்னா அவனுக்கு என்ன குறையப் போகுதுன்னு நினைச்சேன். டிக்கெட் எடுக்காதவனும் இதையேதான் சொல்வான். இருபத்திரண்டு வருஷம் எத்தனை பேரை வழியில இறக்கி விட்டிருக்கேன்."

ஆன்டி வைரஸை அணைக்கச் சொன்னபோது சந்தேகம் வரவில்லையா என்று அதிகாரி கேட்டார். வந்தது என்றார் அவர். அன்றைக்குச் சாயங்காலம் ஸ்டியரிங்கைக் கையில் பிடித்த பிறகு மறந்துபோனது.

அதிகாரி வெகுநேரம் எழுதினார். கேள்வித்தாளை விற்ற குற்றச்சாட்டு டீச்சர்மேல் நிற்காது, கம்ப்யூட்டர் சைபர் போலீஸுக்குப் போகும் என்றார். ஆனால் டீச்சர் கையெழுத்திட்ட உறுதிமொழி பொய். இனி அவர் எந்தத் தேர்வுக்கும் தாள் தயாரிக்க முடியாது. பணி இடைநீக்கம் எப்போது விலகும் என்று இப்போது சொல்ல முடியாது. பிள்ளைகள் எல்லோரும் அடுத்த மாதம் மறுபடி எழுதவேண்டும், படித்தவர்களும் படிக்காதவர்களும். அதற்கு யார் பொறுப்பு என்று எழுதும் இடத்தை அவர் காலியாகவே விட்டார். பேனா அந்த இடத்தில் கொஞ்ச நேரம் நின்று, அடுத்த வரிக்குப் போனது.

டீச்சரை வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட உள்ளே கூப்பிட்டார்கள். மற்ற மூவரும் வராந்தா பெஞ்சில் உட்கார்ந்தார்கள். படத்தை எடுத்தவனைப் பிடித்துவிடுவார்களா என்று டிரைவர் கேட்டார். எந்த நாட்டில் உட்கார்ந்திருக்கிறானோ, அவன் முகத்தை நாம் பார்ப்போம் என்று தான் நம்பவில்லை என்றார் புரூஃப். அவரிடம் பொய்யான ஆறுதல் கிடைக்காது.

டிரைவர் சில்லுவிடம் போனைக் கேட்டார். அந்தத் தளத்தைத் திறந்து தரச் சொன்னார். கேமுக்குக் கீழே ஆட்கள் எழுதியிருந்ததை எழுத்துக்கூட்டிப் படித்தார். நன்றி நண்பா. அருமையாக ஓடுகிறது. என் பிள்ளைகளுக்கும் ஏற்றிக் கொடுத்தேன். கடைசியாக ஒருவர் எழுதி நாற்பது நிமிஷம்தான் ஆகியிருந்தது. ஒவ்வொரு வரிக்குப் பின்னாலும் ஒரு வீடு இருக்கிறது, அந்த வீட்டுத் திரையில் என்ன திறந்திருக்கிறதோ என்று சில்லு நினைத்தாள். அக்காவிடமிருந்து இரண்டு முறை அழைப்பு வந்திருந்ததும் மேலே தெரிந்தது.

டிரைவர் போனை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு ஒற்றை விரலால் எழுத ஆரம்பித்தார். இதை இறக்காதீர்கள். இது உங்கள் திரையைப் படம் எடுக்கிறது. என் வீட்டில் நடந்துவிட்டது. மூன்று வரிக்குப் பத்து நிமிஷம் ஆனது. அனுப்பினார்.

கொஞ்ச நேரத்தில் மறுபடி திறந்து பார்த்தார்கள். அந்த மூன்று வரி அங்கே இல்லை. தளத்தை நடத்துகிறவர்கள் அழித்திருந்தார்கள்.

"விடுங்கண்ணே, அவங்க அப்படித்தான் பண்ணுவாங்க" என்றாள் சில்லு.

அவர் போனைத் திருப்பித் தரவில்லை. முதல் எழுத்தைத் தேடி விரலை மறுபடி திரைக்குக் கொண்டுபோனார்.